முடித்துவைக்கப்பட்ட வழக்கும் முடியாத கணக்கும்

ஓசூரில் வாழும் நமக்கு மாநில எல்லை என்பது வரைபடத்தில் காணும் கோடு அன்று. அன்றாடம் கடக்கும் சாலை. ஜுஜுவாடியைத் தாண்டினால் அத்திப்பள்ளி. தந்தைக்கு சிப்காட்டில் ஷிப்டு, மகனுக்கு எலெக்ட்ரானிக் சிட்டியில் வேலை, மகளுக்கு எல்லைக்கு அப்பால் பி.யூ. கல்லூரி என ஒரே குடும்பம் இரண்டு மாநிலங்களின் ஆணைகளுக்குக் கட்டுப்பட்டு வாழ்கிறது. சென்னையில் வெளியாகும் அரசாணையும் பெங்களூருவில் வெளியாகும் அரசாணையும் இரவு உணவின்போது ஒரே தஸ்தர்கானைச் சுற்றிப் பேசப்படுகின்றன.

ஆகவே, 2022 பிப்ரவரி 5 அன்று கர்நாடக அரசு சீருடை குறித்த ஆணையை வெளியிட்டபோது, அது நமக்கு அண்டை மாநிலத்துச் செய்தியாக மட்டும் இருக்கவில்லை. தலைத்துணியோடு வகுப்புக்குச் சென்றுவந்த பெண் பிள்ளைகள் நம் வீடுகளிலும் இருந்தார்கள். உடுப்பி அரசுப் பெண்கள் கல்லூரி மாணவிகள் தொடுத்த வழக்கை நம் மஹல்லாவில் அனைவரும் தம் வீட்டு வழக்கைப் போலவே கவனித்தனர்.

ஹிஜாபைப் பற்றிய விவாதத்தை மீண்டும் தொடங்குவது இக்கட்டுரையின் நோக்கம் அன்று. அந்த வழக்கின் நாட்காட்டியை மட்டும் பார்ப்போம். பிப்ரவரி 10 அன்று கர்நாடக உயர் நீதிமன்றம், வழக்கு முடியும்வரை சீருடை விதி உள்ள வகுப்புகளில் மத அடையாள ஆடைகள் கூடாது என்று இடைக்கால உத்தரவிட்டது. மார்ச் 15 அன்று அரசாணையை உறுதிசெய்து தீர்ப்பளித்தது. ஏப்ரலில் பி.யூ. இரண்டாம் ஆண்டுத் தேர்வு தொடங்கியது. உச்ச நீதிமன்றம் செப்டம்பரில் விசாரித்து அக்டோபர் 13 அன்று தீர்ப்பு வழங்கியபோது, நீதிபதி ஹேமந்த் குப்தா மேல்முறையீடுகளைத் தள்ளுபடி செய்தார். நீதிபதி சுதான்ஷு தூலியா அரசாணையையே ரத்து செய்தார். இருவரும் மாறுபட்டதால், பெரிய அமர்வு அமைப்பதற்காக வழக்கு தலைமை நீதிபதியிடம் அனுப்பப்பட்டது.

அந்தப் பிப்ரவரியில் இரண்டாம் ஆண்டு படித்த மாணவிக்கு, உச்ச நீதிமன்றம் விசாரணையைத் தொடங்கும் முன்பே தேர்வுக் காலம் கடந்துவிட்டது. முதலாம் ஆண்டில் இருந்தவளுக்கும் 2023இல் அந்தப் பருவம் முடிந்துவிட்டது. தேர்வுக்கூடம் வரை வந்து திரும்பிச் சென்றவள் இனி எந்தத் தீர்ப்பைப் பெற்றாலும் அந்த நாளைப் பெறமுடியாது. 2023 டிசம்பரில் முதல்வர் சித்தராமையா அந்தத் தடையை விலக்கப்போவதாகப் பொதுக்கூட்டத்தில் அறிவித்தார். மறுநாளே அது 'ஆலோசித்து வருகிறோம்' என்று மாறியது.

இங்கேதான் நம் மஹல்லாவில் ஒரு கேள்வி எழுந்தது. "அரசு ஆணையைத் திரும்பப் பெற்றுவிட்டால் வழக்கும் முடிந்துவிடுமே, அப்புறம் என்ன கவலை?" என்று பலர் கேட்டனர். அப்படி முடிவது வெற்றியா என்பதைத்தான் நாம் சிந்திக்க வேண்டியிருக்கிறது.

மூன்று வழிகளில் உயிரிழக்கும் வழக்கு

எந்த ஆணையை எதிர்த்து வழக்கு தொடுத்தோமோ அந்த ஆணையே இல்லாமற்போனால், அல்லது கேட்ட நிவாரணத்தை இனி வழங்க முடியாது என்ற நிலை வந்தால், வழக்கு பயனற்றதாகிவிட்டது என்று நீதிமன்றம் அதை முடித்துவைக்கும். வழக்கறிஞர்கள் இதை 'இன்ஃப்ரக்சுவஸ்' என்பார்கள். நாளிதழ்களில் 'வழக்கு முடித்துவைப்பு' என்று இரண்டு வரிச் செய்தியாக வரும். இந்த நடைமுறையில் நியாயம் இல்லாமல் இல்லை. காணாமற்போன ஆடு வீடு திரும்பிவிட்டால் காஜியார் முன் நிற்க வேண்டியதில்லை. உயிருள்ள பிணக்குகளைத் தீர்க்கவே நேரம் போதாத நீதிமன்றங்கள், இல்லாத ஆணையைப் பற்றி ஏன் தீர்ப்பு எழுதவேண்டும் என்பது பொருத்தமான கேள்வியே. ஆயினும் வழக்கு எவ்வாறு உயிரிழந்தது என்பதைப் பொறுத்தே அது நன்மையா இழப்பா என்று சொல்லமுடியும்.

முதல் வழி, அரசு பின்வாங்குவது. 2017 மே 23 அன்று மத்திய அரசு கால்நடைச் சந்தை விதிகளை வெளியிட்டு, இறைச்சிக்காக மாடுகளைச் சந்தையில் விற்பதைத் தடை செய்தது. உழவர், வியாபாரி, தோல் தொழிலாளி எனச் சமய வேறுபாடின்றிப் பலருடைய பிழைப்பு அதில் அடங்கியிருந்தது. ஒரே வாரத்தில், மே 30 அன்று, சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இடைக்காலத் தடை விதித்தது. ஜூலை 11 அன்று, விதிகளை மறுபரிசீலனை செய்கிறோம் என்று மத்திய அரசு உச்ச நீதிமன்றத்தில் கூறியது. மதுரைக் கிளையின் தடையை நாடு முழுமைக்கும் விரித்து உச்ச நீதிமன்றம் வழக்கை முடித்துவைத்தது. திருத்திய விதிகள் வந்தால், பாதிக்கப்படுவோர் நீதிமன்றத்தை அணுகுவதற்குப் போதிய காலம் விட்டே அவற்றை நடைமுறைப்படுத்த வேண்டும் என்றும் கூறியது. இறுதித் தீர்ப்பு எழுதப்படாமலேயே மக்களுக்குப் பாதுகாப்புக் கிடைத்தது. இத்தகைய முடிவை நாம் தோல்வியாகக் கருதத் தேவையில்லை.

ஆனால் அரசு பின்வாங்குவதெல்லாம் எளியவர்க்கு நன்மையாவதில்லை. ஊரடங்கின் தொடக்கத்தில், 2020 மார்ச் 29 அன்று, பணிக்கு வர இயலாத தொழிலாளர்க்கும் முழு ஊதியம் தரவேண்டும் என்று மத்திய உள்துறை ஆணையிட்டது. ஆலை நிறுவனங்கள் அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றன. வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே, மே 18 முதல் அந்த ஆணை விலக்கிக்கொள்ளப்பட்டது. இடைப்பட்ட 54 நாட்களின் ஊதியத்தைப் பற்றி முதலாளிகளும் தொழிலாளர்களும் பேசித் தீர்த்துக்கொள்ள முயலலாம் என்றும், அதுவரை நிறுவனங்கள்மீது கட்டாய நடவடிக்கை வேண்டாம் என்றும் ஜூன் 12 அன்று உச்ச நீதிமன்றம் கூறியது. ஒப்பந்தத் தொழிலாளியாக ஓசூரின் ஆலைகளில் நிற்கும் ஒருவர், மேலாளர் முன் அமர்ந்து அந்த 54 நாட்களுக்காக எப்படிப் பேசித் தீர்ப்பார் என்பதை நம் வீடுகளில் விளக்கத் தேவையில்லை.

இரண்டாவது வழி, ஆணை வேறு வடிவம் எடுப்பது. 2019 ஆகஸ்ட் முதல் வீட்டுக்காவலில் இருந்த காஷ்மீர் முன்னாள் முதல்வர் ஃபாரூக் அப்துல்லாவை, சென்னையில் நடந்த அண்ணா பிறந்தநாள் விழாவில் பங்கேற்க அழைத்திருந்தார் வைகோ. அவரை முன்னிலைப்படுத்த வேண்டும் என்று உச்ச நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுவும் தொடுத்தார். செப்டம்பர் 16 அன்று மனு விசாரணைக்கு வந்த வேளையில், ஃபாரூக் அப்துல்லாமீது பொதுப் பாதுகாப்புச் சட்டம் பாய்ந்திருந்தது. அதுவரை எழுத்து வடிவில் ஆணை இல்லாமல் வைக்கப்பட்டிருந்தவருக்குப் புதிய ஆணை வந்துவிட்டது. செப்டம்பர் 30 அன்று, இம்மனுவில் இனிப் பரிசீலிக்க ஒன்றுமில்லை, வேண்டுமானால் புதிய ஆணையைத் தனியே எதிர்க்கலாம் என்று நீதிமன்றம் முடித்துவிட்டது. அவர் வெளியே வந்ததோ 2020 மார்ச்சில். வழக்கு பயனற்றுப்போன நாளில் அவர் வீட்டுக் கதவு திறக்கவில்லை.

நம் மாவட்டத்து உழவர்கள் நன்கறிந்த நில எடுப்பிலும் இதைப் பார்த்தோம். சிப்காட் போன்ற தொழிற்பேட்டைகளுக்கு நிலம் எடுக்கப் பயன்படும் 1997ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுச் சட்டம் உட்பட மூன்று சட்டங்களின்கீழ், 2013இன் மத்திய நில எடுப்புச் சட்டத்திற்குப் பின் நடந்த எடுப்புகள் செல்லா என்று சென்னை உயர் நீதிமன்றம் 2019 ஜூலை 3 அன்று தீர்ப்பளித்தது. நில உரிமையாளர்களின் மகிழ்ச்சி நீடிக்கவில்லை. அதே மாதத்தில் சட்டமன்றம் 2013 செப்டம்பர் 26 முதல் முன்தேதியிட்டு அச்சட்டங்களுக்கு மீண்டும் உயிர்கொடுத்தது. 2021 ஜூன் 29 அன்று உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது. வென்ற தீர்ப்பு கையில் இருக்க, அதன் பயன் மட்டும் கரைந்துபோயிற்று.

மூன்றாவது வழி, காலம் கடந்துபோவது. இதற்கும் கர்நாடகமே பெரிய சான்று. 1989 ஏப்ரலில் எஸ்.ஆர். பொம்மையின் அரசு கலைக்கப்பட்டது. அது அரசமைப்புக்கு முரண் என்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அமர்வு 1994 மார்ச் 11 அன்று கூறியது. அதற்குள் தேர்தல் நடந்து வேறு ஆட்சி அமைந்து, வீரேந்திர பாட்டீல், பங்காரப்பா, வீரப்ப மொய்லி என மூன்று முதல்வர்கள் வந்துவிட்டனர். பொம்மைக்கு அவருடைய ஆட்சியைத் திருப்பித் தர நீதிமன்றத்தால் முடியவில்லை.

தாமதமான தீர்ப்புக்கும் ஒரு பயன் உண்டு

எனினும் பொம்மை வழக்கை வீண் என்று எவரும் சொல்வதில்லை. பெரும்பான்மை உண்டா இல்லையா என்பதைச் சட்டமன்றத்தில்தான் சோதிக்கவேண்டும் என்ற நெறியை அது நிலைநாட்டியது. 2016இல் உத்தராகண்டில் குடியரசுத் தலைவர் ஆட்சி கொண்டுவரப்பட்டபோது, அந்த நெறியே துணைநின்றது. சட்டமன்றத்தில் வாக்கெடுப்பு நடந்து ஹரீஷ் ராவத் மீண்டும் முதல்வரானார். ஒருவருக்குக் காலம் கடந்து வந்த தீர்ப்பு, இன்னொருவருக்கு உரிய நேரத்தில் உதவிற்று. 2022இல் சீருடை ஆணையை வெளியிட்ட அரசின் முதல்வர் பசவராஜ் பொம்மை, அந்த எஸ்.ஆர். பொம்மையின் மகனே. அதிகாரத்தில் இருப்போரும் ஒருநாள் நீதிமன்ற வாசலில் நிற்க நேரும் என்பதை அந்தக் குடும்பத்தின் வரலாறே சொல்கிறது. எனவே தெளிவான தீர்ப்பு ஒன்று எழுதப்படுவது எல்லாருக்கும் பாதுகாப்பு.

காலம் கடந்த வழக்குகளையும் நீதிமன்றங்கள் விசாரிக்கத்தான் செய்கின்றன. 2016 நவம்பர் 8இன் பணமதிப்பு நீக்கத்தை எதிர்த்த வழக்குகள் ஆறாண்டுகள் கழித்து விசாரணைக்கு வந்தபோது, இது இனி வெறும் ஏட்டளவிலான விவாதமே என்று அரசுத் தரப்பு வாதிட்டது. அதையும் மீறி ஐந்து நீதிபதிகள் அமர்வு விசாரித்து, 2023 ஜனவரி 2 அன்று நால்வரின் பெரும்பான்மையால் அந்நடவடிக்கையை உறுதிசெய்தது. மாறுபட்ட நீதிபதி நாகரத்னா அது சட்டமுறைப்படி நடக்கவில்லை என்றார். ஆனால் நடந்து முடிந்ததை இனி மாற்றமுடியாது என்றும் ஒப்புக்கொண்டார். முடிவு நமக்கு உவப்போ இல்லையோ, கேள்விக்கு விடை எழுதப்பட்டது.

அமெரிக்காவின் யோனாஸ் ஃபிக்ரே என்ற முஸ்லிமின் வழக்கும் நமக்குப் பாடமாகும். விமானத்தில் பறக்கத் தடைசெய்யப்பட்டோர் பட்டியலில் தம் பெயர் சேர்க்கப்பட்டதை எதிர்த்து அவர் வழக்கு தொடுத்தார். 2016இல் அரசு காரணம் கூறாமல் பெயரை நீக்கிவிட்டு, வழக்கு பயனற்றுவிட்டது என்றது. 2024 மார்ச் 19 அன்று அந்நாட்டு உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகளும் ஒருமித்து அதை மறுத்தனர். அதே செயலை அரசு மீண்டும் செய்யாது என்பதை அரசே நிறுவவேண்டும். இப்போது நிறுத்திவிட்டோம் என்று சொன்னால் மட்டும் போதாது என்பது அத்தீர்ப்பின் சாரம்.

நம் கருத்தும் இதுவே. ஓர் அரசு திரும்பப் பெற்ற ஆணையை இன்னோர் அரசு மீண்டும் கொண்டுவரக்கூடும் என்றால், அந்த வழக்கு உண்மையில் முடியவில்லை. கல்விக்கூடம் சார்ந்த வழக்குகளில் இது இன்னும் கூர்மையானது. மாணவியின் காலம் இரண்டு ஆண்டு. வழக்கின் காலம் ஐந்து ஆண்டு. இந்தக் கணக்கின்படி ஒவ்வொரு மாணவியின் வழக்கும் அவளுக்குப் பயனற்றே போகும்; ஒவ்வோர் ஆண்டும் புதிய மாணவி அதே வாசலில் நிற்பாள். ஆகவே, ஆணையைத் திரும்பப் பெறுவதை வரவேற்போம். ஆனால் அதையே தீர்ப்பாக எண்ணி இனிப்பு வழங்க வேண்டாம்.

ஜமாஅத்துகள் செய்யவேண்டியவை

குறைகூறுவதோடு நில்லாமல் நம் பொறுப்பையும் பார்ப்போம். 2017இல் மதுரைக் கிளையில் தடை கிடைத்தது விதிகள் வெளியான ஏழாம் நாளில். நாமோ பல வேளைகளில் முதலில் கண்டனக் கூட்டம், பிறகு சுவரொட்டி, பிறகு மனு என்று நாட்களைக் கழித்துவிட்டு, ஆணை நடைமுறைக்கு வந்தபின் வழக்கறிஞரைத் தேடுகிறோம். கட்டடம் இடிக்கப்பட்டபின் இடைக்காலத் தடை எதற்கு? ஆணை வந்த வாரத்திலேயே அதன் நகலைப் பெறுவதும், இடைக்காலத் தடை கோருவதும் முதற்கடமை.

அடுத்தது, மனுவில் என்ன கேட்கிறோம் என்பதில் கவனம். ஆணையை ரத்துசெய்ய மட்டும் கேட்டால், ஆணை போனதும் வழக்கும் போகும். இழந்த வருகைப்பதிவு, மறுதேர்வு, பிடித்த ஊதியம், இழப்பீடு ஆகியவற்றையும் சேர்த்துக் கேட்டால், ஆணை போனபின்னும் தீர்க்கவேண்டிய ஒன்று மிச்சம் இருக்கும். கல்வி வழக்குகளில் இறுதியாண்டு மாணவியோடு முதலாண்டு மாணவியும் மனுதாரராக இருப்பது நல்லது.

அரசுத் தரப்பு பின்வாங்கும்போது, அதன் வாக்குறுதி நீதிமன்ற உத்தரவில் எழுத்தாகப் பதிவாகிறதா, மீண்டும் அணுகும் உரிமை குறிப்பிடப்படுகிறதா என்று நம் வழக்கறிஞரிடம் கேட்கவேண்டும். கால்நடை வழக்கின் முடிவு நல்ல முடிவானது இந்த இரண்டினாலும்தான். அந்த உத்தரவின் நகல் பள்ளிவாசல் அலுவலகத்தில் கோப்பாக இருக்கவேண்டும். முத்தவல்லி மாறலாம், கோப்பு இருந்தால் அடுத்தவர் தொடர்வார்.

நம் வீட்டு வழக்குகள்

இவ்வளவும் எழுதியபின் ஒன்றைச் சொல்லாமல் விட்டால் நாம் நேர்மையாளர் ஆகமாட்டோம். காலத்தைக் கடத்தி உரிமையைப் பயனற்றதாக்கும் கலையை அரசுகள் மட்டும் அறிந்திருக்கவில்லை, நாமும் அறிவோம். தந்தை மவுத்தானபின் சகோதரிக்கு உரிய பாகத்தைப் பிரிப்போம் என்கிறோம். தம்பி திருமணம் முடியட்டும், கடன் அடையட்டும், நிலத்துக்கு விலை ஏறட்டும் என்று ஆண்டுகள் போகின்றன. சிப்காட் வந்தபின் ஏக்கருக்குக் கோடிகள் பேசப்படும் நம் பகுதியில், நிலம் அதற்குள் கைமாறிவிடுகிறது. பிறகு அவள் கேட்டால், "இத்தனை வருஷம் கழித்து என்னம்மா கேட்கிறாய், எல்லாம் முடிந்த கதை" என்கிறோம். விவாகரத்தான பெண்ணின் மஹர் பற்றிய மனு, ஜமாஅத் அலுவலகத்தில் அடுத்த ஜும்ஆ, அடுத்த ஜும்ஆ என்று தள்ளிப்போய், அவள் களைத்துக் கேட்பதை நிறுத்தியதும் தீர்ந்த வழக்காகிவிடுகிறது. அரசு வழக்கறிஞர் நீதிமன்றத்தில் கூறுவதற்கும் நாம் இங்கே கூறுவதற்கும் என்ன வேறுபாடு?

1869 முதல் 1876 வரை உதுமானியப் பேரரசு ஹனஃபி ஃபிக்ஹைத் தொகுத்து உருவாக்கிய 'மஜல்லா' என்ற சட்டநூலில் இதற்குத் தெளிவான நெறி உண்டு. கடன் முதலிய பொதுவான வழக்குகளைப் பதினைந்து ஆண்டுகளுக்குப் பின் நீதிமன்றம் கேட்காது என்று அது வரம்பு வைத்தது. ஆனால் காலம் கடந்ததால் உரிமையே அழிந்துவிடாது என்றும் அதே நூல் விதித்தது; எதிர்வாதி கடனை ஒப்புக்கொண்டால், எத்தனை ஆண்டு கழிந்தாலும் அவர் கொடுத்தே ஆகவேண்டும். நீதிமன்றத்தின் கதவு மூடுவது வேறு, கடன் தீர்வது வேறு. ஹக்குல் இபாத் என்று நாம் ஒவ்வொரு பயானிலும் கேட்கும் சொல்லுக்கு நடைமுறைப் பொருள் இதுவே. அடியார்க்குச் செலுத்தவேண்டியதை அடியார் மன்னிக்காதவரை, 'முடித்துவைக்கப்பட்டது' என்ற முத்திரை அதன்மேல் விழுவதில்லை.

ஆகவே, தேர்வெழுதாமல் திரும்பிய மாணவிக்கும், 54 நாள் ஊதியத்தை இழந்த தொழிலாளிக்கும், தந்தையின் நிலத்தில் பாகம் கிடைக்காத சகோதரிக்கும் நாம் சொல்லவேண்டிய சொல் ஒன்றே: உங்கள் வழக்கு முடிந்திருக்கலாம், உங்கள் உரிமை முடியவில்லை. முதல் இரண்டைப் பெற்றுத்தர நமக்கு நீதிமன்றமும் காலமும் வழக்கறிஞரும் தேவை. மூன்றாவதை இந்த வெள்ளிக்கிழமையே நம் கையால் கொடுத்துவிடலாம்.

பிறர் உரிமையைக் காலத்தின் பின்னால் மறைக்காதவர்களாகவும், நம் உரிமையைக் காலம் தாழ்த்தாமல் கேட்பவர்களாகவும் வாழ அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள்புரிவானாக. ஆமீன்.